பத்து நாற்பதுக்குக் கைமாறிய ஜீப் சாவி

போன மாதம், தங்கச் சுரங்க ஊரான எங்கள் ராபர்ட்சன்பேட்டையில் நான் வேலை பார்த்த அரசு அலுவலகத்திலிருந்து ஒரு போன் வந்தது. என் நாற்காலியில் இப்போது உட்கார்ந்திருக்கும் பெண்தான் பேசினாள்.

"மேடம், ஒரு சந்தேகம். டிரான்ஸ்பர் ஆன ஒருத்தரை கம்ப்யூட்டர்லயே ரிலீவ் பண்ணிட்டாங்க, பதினொன்னு இருபதுக்கு. ட்ரிப்யூனல்ல அவருக்கு ஸ்டே கெடச்சது பதினொன்னு அம்பதுக்கு. இப்ப அவர் இங்க இருக்காரா, இல்லையா?"

பதில் சொல்வதற்கு முன் நாலு கேள்வி கேட்டேன். பட்டனை அழுத்தியது யார், அழுத்த அவருக்கு அதிகாரம் உண்டா, மாற்று ஆள் வந்து சேர்ந்தாரா, சேர்ந்தார் என்றால் யார் கையிலிருந்து எதை வாங்கினார். அவள் சிரித்துவிட்டாள். "ரிட்டயர் ஆகியும் உங்களுக்கு அரிப்பு போகலை மேடம். இதையெல்லாம் எழுதி வைங்களேன், நாங்க படிச்சுக்கறோம்" என்றாள். அரிப்பு என்பது சரியான வார்த்தைதான். ஓர் ஆள் எந்த நிமிஷத்தில் தன் நாற்காலியை விட்டு நீங்கினவராக ஆகிறார் என்ற கேள்வி என்னை இருபத்தைந்து வருடத்துக்கு மேல் பிடித்து ஆட்டியிருக்கிறது. அதனால்தான் எழுதுகிறேன்.

விஷயம் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. மாநில அரசு ஊழியர் ஒருவரை மாற்றுகிறார்கள். அது விதிக்குப் புறம்பானது என்று அவர் நினைத்தால் பெங்களூரில் இருக்கும் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். அதைத்தான் எல்லோரும் ட்ரிப்யூனல் என்போம். தீர்ப்பாயம் அரசிடம் விளக்கம் கேட்கும். அரசு வக்கீல் விளக்கம் தாக்கல் செய்வார். ஆனால் அவருக்கு விவரம் எங்கிருந்து வரும்? மனுவில் உள்ள ஒவ்வொரு பத்திக்கும் எதிரே 'சரி', 'தவறு', 'ஆவணத்தில் உள்ளது', 'இந்த அலுவலகத்துக்குத் தெரியாது' என்று எழுதி அனுப்ப ஓர் ஆள் வேண்டும். எங்கள் அலுவலகத்தில் அந்த ஆள் நான்.

மனு போடுகிறவர் பெரும்பாலும் பக்கத்து மேசைக்காரராக இருப்பார். காலையில் ஒன்றாக டீ குடிப்போம். மத்தியானம் அவருக்கு எதிராக நான் எழுதுவேன். நடுவில் சந்தேகம் வந்தால் அவரையே கேட்பேன். "இன்னாப்பா, ஏழாவது பத்தி முழுக்கப் புளுகா இருக்குதே?" என்றால், "வக்கீல் எழுதனது மேடம், நீங்க இன்னா எழுதணுமோ எழுதிக்குங்க" என்பார். இதில் யாரும் கோபித்துக்கொண்டதில்லை.

என் அப்பா இங்குள்ள கனரகத் தொழிற்சாலையில் டர்னராக இருந்தவர். நாங்கள் தொழிற்சாலைக் குடியிருப்பு. சுரங்கத்து லைன் வீடுகளில் இருந்தவர்கள் வட ஆற்காட்டிலிருந்து மூன்று தலைமுறைக்கு முன் வந்தவர்கள். இரண்டு பேரும் தமிழர்தான், ஒரே மார்க்கெட்டில்தான் காய் வாங்கினோம், ஆனால் அவர்கள் வீட்டுப் பழக்கம் எங்களுக்குத் தெரியாது. நான் டைப்பிஸ்டாகச் சேர்ந்தேன், கன்னடப் பரீட்சை எழுதித் தேறினேன், ஊழியர் விவகாரப் பிரிவுக்கு மாற்றினார்கள். ஆரம்ப வருடங்களில் சொல்ல அவ்வளவுதான் இருக்கிறது.

அந்தப் பிரிவின் சூப்பரின்டெண்ட் நஞ்சுண்டப்பா சார். சிந்தாமணிப் பக்கத்துக்காரர். கன்னடம், தெலுங்கு, தமிழ் மூன்றையும் ஒரே வாக்கியத்தில் பேசி மூன்று தரப்பையும் சமாதானப்படுத்திவிடுவார். பியூனைக்கூட 'நீங்க' என்றுதான் கூப்பிடுவார். ஒரு மனு வந்தால் மூன்று தடவை படிப்பார். முதல் தடவை பேனா இல்லாமல், ஜன்னலோரம் நின்றுகொண்டு. இரண்டாவது தடவை தேதிகளை மட்டும். மூன்றாவது தடவை படிக்கும்போது, "இதுல எழுதாம வுட்டது இன்னா இருக்குதுன்னு தேடுங்கம்மா. பதில் அங்க இருக்கும்" என்பார். கையெழுத்துப் போட்டால் தேதியோடு மணியும் எழுதுவார். அப்படி ஒரு விதியே கிடையாது. கைக்கடிகாரத்தைப் பார்ப்பார், பிறகு சுவர்க்கடிகாரத்தைப் பார்ப்பார், இரண்டும் ஒத்துப்போனால்தான் எழுதுவார். ஒத்துப்போகாவிட்டால் பியூனை அனுப்பி எதிர்க் கடையில் மணி கேட்டு வரச் சொல்வார். ஒருவரை விடுவிக்கும் உத்தரவில் கையெழுத்து வாங்கப் போகும் நாளில் மட்டும் செருப்பைக் கழற்றி மேசைக்கு அடியில் தள்ளிவிடுவார். ஏன் என்று கேட்டேன். "ஒருத்தர் வீட்டுச் சாமானத் தூக்கச் சொல்ற காகிதம்மா இது" என்றார்.

அவர்தான் எனக்கு விஷயத்தைப் பிரித்துக் காட்டினார். மாற்றல் நியாயமா அநியாயமா என்று தீர்ப்பாயம் முதலில் கேட்காது. மூன்றைக் கேட்கும். கையெழுத்துப் போட்டவருக்கு அதிகாரம் உண்டா? விதி எது? ஆள் இடத்தை விட்டாகிவிட்டதா? இந்த மூன்றாவதில்தான் பாதி வழக்கு நிற்கும். ஆள் இடத்தை விடவில்லை என்றால் தடை உத்தரவு அவரை அங்கேயே காப்பாற்றும். விட்டுவிட்டார் என்றால் அந்தக் காகிதத்தை வைத்து விசிறிக்கொள்ளலாம். அதனால் மாற்றல் உத்தரவு வந்ததும் ஓர் ஓட்டப்பந்தயம் தொடங்கிவிடும். மாற்று ஆள் பஸ் ஏறி வருவார். இங்கே இருப்பவர் ரயிலேறி வக்கீலிடம் போவார்.

ஓடுவதற்குப் பதில் ஒளிந்துகொள்கிறவர்களும் உண்டு. ஒரு குமாஸ்தா உத்தரவு வந்த அன்றே பீரோவைப் பூட்டி, சாவியோடு மருத்துவ விடுப்பில் காணாமல் போய்விட்டார். கோப்புகளை ஒப்படைக்காதவரை தான் இடத்தை விட்டதாக ஆகாது என்பது அவர் கணக்கு. ஒன்பது நாள் பார்த்துவிட்டு, இரண்டு சாட்சிகளை வைத்துக்கொண்டு பூட்டை உடைத்தோம். உள்ளே ஒரு கோப்பும் இல்லை. எல்லாவற்றையும் ஒழுங்காகச் சீட்டு வைத்து வெளி ராக்கில் அடுக்கியிருந்திருக்கிறார், நாங்கள்தான் பார்க்கவில்லை. பீரோவில் ஒரு துண்டு, ஒரு குடை, ஒரு ஜாடி ஊறுகாய். பார்த்ததை எல்லாம் எழுத வேண்டும் என்பது முறை. 'மாங்காய் ஊறுகாய், ஜாடியில் பாதி' என்று நான் எழுதினேன். அது தீர்ப்பாயம் வரை போனது. அரசு வக்கீல் போன் போட்டு, மீதிப் பாதி எங்கே என்று கேட்டார்.

இந்த ஓட்டமும் ஒளிவும் எதுவும் தெரியாத ஒருவரைப் பற்றித்தான் சொல்ல வந்தேன். எங்கள் ஜீப் டிரைவர் ஏழுமலை.

ஏழுமலைக்கு அப்போது நாற்பத்தைந்து வயது இருக்கும். நந்திதுர்க் சுரங்கப் பகுதியில் லைன் வீட்டில் அப்பாவோடு இருந்தார். அம்மா இல்லை, கூடப்பிறந்தவர்கள் இல்லை, கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அப்பா கோவிந்தசாமி சுரங்கத்துக்குள் தண்ணீர் இறைக்கும் பம்ப் பார்த்தவர். சுரங்கத்துத் தூசி நுரையீரலில் தங்கி, ஆக்சிஜன் மெஷினோடு படுக்கையில் இருந்தார். காலையில் அப்பாவைத் துடைத்து, திருப்பிப் படுக்கவைத்து, கஞ்சி கொடுத்துவிட்டு ஏழுமலை வேலைக்கு வருவார். மத்தியான இடைவேளையில் சைக்கிளில் ஓடிப்போய்ச் சோறு கொடுத்துவிட்டுத் திரும்புவார். அவரை ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் யாதகிரிக்கு மாற்றி உத்தரவு வந்தது. நானூறு கிலோமீட்டருக்கு மேல். அவர் இடத்துக்கு யாதகிரியிலிருந்து மல்லப்பா என்ற டிரைவர்.

சனிக்கிழமை ஏழுமலை ரயிலேறிப் பெங்களூரில் ஒரு வக்கீலைப் பார்த்தார். திங்கட்கிழமை காலையிலேயே மனுவை எடுத்துக்கொள்ளச் செய்வதாக வக்கீல் சொன்னார். கூடவே ஒரு எச்சரிக்கையும் கொடுத்தார். திங்கட்கிழமை மத்தியானம் வரை அலுவலகப் பக்கமே போகக் கூடாது, சாவியை யாரிடமும் கொடுக்கக் கூடாது. வேறு யாராக இருந்தாலும் திருப்பதிக்குப் போயிருப்பார்கள். ஏழுமலை வழக்கம்போல ஒன்பதரைக்கு வந்து ஜீப்பைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"இன்னா ஏழுமலை, வக்கீல் வரக் கூடாதுன்னு சொல்லலியா?" என்று மாடி ஜன்னலிலிருந்து கேட்டேன்.

"சொன்னாரு மேடம். வண்டி ஷெட்ல இருக்கும்போது டிரைவர் ஊட்ல குந்திக்கினு இருந்தா எப்டி?"

அதிகாரி அன்று இன்னொருவர் வண்டியில் கோலாருக்குக் கூட்டத்துக்குப் போயிருந்தார். பத்தரை மணிக்கு ஒரு கைப்பையும் சுருட்டிய படுக்கையுமாக ஓர் ஆள் ஷெட் வாசலில் வந்து நின்றார். மல்லப்பாதான் என்று பார்த்ததும் தெரிந்துவிட்டது. ஏழுமலை அவரிடம் ஏதோ கேட்டார், உள்ளே போய்ச் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். பிறகு பானெட்டைத் திறந்து காட்டினார். இரண்டு பேரும் குனிந்து எதையோ பார்த்தார்கள். புது ஆளுக்கு வண்டியைக் காட்டுகிறார் என்று நினைத்து நான் என் கோப்புக்குத் திரும்பிவிட்டேன்.

கொஞ்ச நேரத்தில் ஏழுமலை லாக் புத்தகத்தோடு மாடி ஏறி வந்தார்.

"குடுத்துட்டேன் மேடம்."

"இன்னாத்தக் குடுத்தே?"

"சார்ஜு. சாவி, டூல்ஸ், லாக் புக் எல்லாம். செகண்ட் கியர் இழுத்துப் போடணும்னும் சொல்லிட்டேன்."

புத்தகத்தைப் பார்த்தேன். கிலோமீட்டர் எண், கருவிகளின் பட்டியல், 'பெற்றுக்கொண்டேன்', 'ஒப்படைத்தேன்', இரண்டு கையெழுத்து. கீழே மணி பத்து நாற்பது. 

"மத்தியானம் வரிக்கும் பொறுக்கக் கூடாதாய்யா?"

"வந்த ஆள எப்டி மேடம் நிக்க வெக்கறது?" அவர் உண்மையிலேயே புரியாமல் கேட்டார். "எங்கப்பா பம்ப்ல இருந்தவரு. மாத்து ஆள் வர்ற வரிக்கும் எடத்த வுட்டு அசையக் கூடாது. ஆள் வந்துட்டா ஒரு நிமிஷங்கூட அவன நிக்க வெக்கக் கூடாது. அவ்ளோ தூரம் எறங்கி வந்துக்கிறான் இல்ல? சின்ன வயசுலருந்து கேட்டுக்கினே இருக்கறது மேடம் இது. அந்தாளு நேத்து மத்தியானம் கெளம்பி வந்துக்கிறாரு."

எங்கள் தொழிற்சாலைக் குடியிருப்பில் சங்கு ஊதினால் வேலை முடிந்தது. யார் வந்தார், வரவில்லை என்ற கேள்வியே கிடையாது. சுரங்கத்தில் பம்ப்புக்காரருக்குச் சங்கு கணக்கில்லை, எதிரே வந்து நிற்கும் ஆள்தான் கணக்கு என்பது இந்த ஊரிலேயே வளர்ந்த எனக்கு அன்றுதான் தெரிந்தது. மாற்று ஆள் வராவிட்டால்? "அடுத்த ஷிப்டும் அவரேதான். வுட்டா தண்ணி ஏறிடும் இல்ல?" சாப்பாடு? "மேல போறவன் எவனாச்சும் ஊட்ல சொல்லுவான்." நான் பாட்டுக்குக் கேட்டுக்கொண்டே போனேன். எதிரே நிற்பவர் தன் கழுத்தைத் தானே அறுத்துக்கொண்டு வந்து நிற்கிறார் என்பது இரண்டு நிமிஷம் கழித்துத்தான் எனக்கு உறைத்தது. வெட்கமாக இருந்தது.

பதினொன்றரைக்கு வக்கீல் போன் செய்தார். தடை கிடைத்துவிட்டது. இன்றைய நிலை அப்படியே தொடர வேண்டும் என்று உத்தரவு. இன்றைய நிலை என்ன என்று ஜன்னல் வழியாகப் பார்த்தேன். மல்லப்பா ஜீப்புக்கு ரேடியேட்டர் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார்.

அலுவலகமே கூடிவிட்டது. பக்கத்தைக் கிழித்துவிடலாம் என்றார் ஒருவர். லாக் புத்தகத்தில் பக்க எண் அச்சடித்திருக்கும். பத்து நாற்பதைப் பன்னிரண்டு நாற்பது ஆக்கிவிடலாம், ஒரு எண்ணைத் திருத்தினால் போதும் என்றார் இன்னொருவர். எல்லோருக்கும் ஏழுமலையைப் பிடிக்கும். அவருடைய அப்பாவின் நிலைமையும் தெரியும். எல்லோரும் என் பேனாவையே பார்த்தார்கள். ஏழுமலை குறுக்கே வந்தார்.

"எங்கையெழுத்துப் பக்கத்துல அவுரு கையெழுத்தும் கீது மேடம். எனுக்காவ அவுரப் பொய் சொல்ல வெக்காதீங்க."

நஞ்சுண்டப்பா சார் லாக் புத்தகத்தை வாங்கிக்கொண்டு ஜன்னலோரம் போனார். மூன்று தடவை படித்தார். பிறகு என்னிடம், "அம்மா, இவர விடுவிச்சு உத்தரவு போட்டது யாரு?" என்றார்.

"யாரும் போடலை சார். அதிகாரி கோலார்ல இருக்காரு."

"அப்ப பத்து நாப்பதுக்குக் கைமாறினது எது?"

"சாவி."

"வேலை?"

 பதில் சொல்ல வேண்டிய இடம் காகிதம் என்று தெரிந்துவிட்டது. தான் இன்னும் இடத்தை விடவில்லை என்ற, மனுவின் ஆறாவது பத்திக்கு எதிரே நான் எழுதியது இன்னும் மனப்பாடமாக இருக்கிறது. 'மனுதாரர் காலை 10.40க்கு வாகனத்தையும் சாவியையும் தம் இடத்துக்கு வந்தவரிடம் ஒப்படைத்தது உண்மை. அந்நேரம் வரையிலோ, தடை உத்தரவு பிறக்கும் வரையிலோ, மனுதாரரை விடுவித்து அதிகாரமுள்ள அலுவலர் எந்த உத்தரவும் பிறப்பிக்கவில்லை என்பதும் உண்மை.' இரண்டு உண்மையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். டிரைவருக்கு டிரைவர் வண்டியைக் கொடுக்கலாம், வேலையைக் கொடுக்க முடியாது. தீர்ப்பாயம் அதை ஒப்புக்கொண்டது. அடுத்த விசாரணை வரை ஏழுமலைதான் டிரைவர் என்றது. அன்று எனக்கு ரொம்பப் பெருமை. வீட்டுக்குப் போய் என் கணவரிடம் அந்தப் பத்தியை இரண்டு தடவை சொல்லிக் காட்டினேன்.

மல்லப்பாவை நான் நினைக்கவே இல்லை. யாதகிரி அதிகாரி அவரை முறைப்படி விடுவித்து அனுப்பியிருந்தார். இங்கே சேர முடியாது. எந்த ஊர் வருகைப் பதிவேட்டிலும் அவர் பெயர் இல்லை. ஆனாலும் தினமும் பத்து மணிக்கு வந்து ஷெட் பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்துகொள்வார். அவர் மனைவி பங்காருபேட்டைப் பக்கம் ஒரு பள்ளியில் ஆசிரியை. கல்யாணமாகி ஏழு வருடத்தில் சேர்ந்திருந்தது விடுமுறை நாட்களில் மட்டும்தான். அதனால்தான் மாற்றல் கேட்டிருந்தார். அவர் மேல் ஒரு தப்பும் இல்லை. "ஏன் மாட்லி மேடம்" என்பார், என்ன செய்யட்டும் என்று. அதைக் கேள்வியாகக்கூடக் கேட்கமாட்டார்.

அடுத்த விசாரணையில் தீர்ப்பாயம், தகப்பனாரின் உடல்நிலை பற்றி அலுவலகம் நேரில் விசாரித்து அறிக்கை தர வேண்டும் என்றது. அதன்மேல்தான் முடிவு. அதிகாரி என்னை அனுப்பினார்.

நந்திதுர்க்கில் அந்த வீட்டுக்குப் போனபோது காலை பதினொரு மணி. ஏழுமலை எனக்கு நாற்காலி போட்டுவிட்டு, குழாயில் தண்ணீர் வந்திருக்கிறது என்று பின்பக்கம் போனார். மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. கோவிந்தசாமி ஐயா தலையணைகளில் சாய்ந்திருந்தார். நாலு வார்த்தைக்கு ஒரு தடவை மூச்சு வாங்கியது. நான் படிவத்தில் நோய், மருத்துவரின் சான்று, கவனிப்பவர் யார் என்று ஒவ்வொன்றாக நிரப்பினேன். கடைசிக் கட்டம் 'நோயாளியின் வாய்மொழி'.

"இன்னாம்மா எழுதற?"

"உங்க பையன இங்கயே வெக்கறதுக்குங்க ஐயா."

"அவந்தான்... ஷிப்ட் குடுத்துட்டானே."

"அது சாவிதான் ஐயா. வேலை இன்னும் அவர் பேர்லதான் இருக்குது. சட்டப்படி..."

அவர் கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னார். "மாத்த வந்த ஆளு... எங்க நிக்கறான்?"

இத்தனை வருடத்தில் எந்த வக்கீலும் என்னை இப்படி மடக்கியதில்லை. மழுப்பியிருக்கலாம். அந்தக் கண்களைப் பார்த்து முடியவில்லை. "அந்த ஊர்லயும் இல்லை, இங்கயும் இல்லை. எங்க ஷெட்டுக்குப் பக்கத்துல பெஞ்சில உக்காந்திருக்காரு" என்றேன்.

அவர் வெகுநேரம் மூச்சைச் சேர்த்தார். "எம் பேரச் சொல்லி... ஒருத்தன நிக்க வெக்காதீங்க. எழுதும்மா. நான் இருந்துக்கறேன்... அவன் போவட்டும்." என் பேனாவைக் காட்டி மறுபடியும், "எழுது" என்றார்.

பேனாவைக் கடைசிக் கட்டத்தில் வைத்தேன். கையெட்டும் தூரத்தில் ஒரு தம்ளர் தண்ணீர் இருந்தது. அதை எடுக்க அவரால் முடியுமா என்று பார்த்தேன். அவரால் புரண்டுகூடப் படுக்க முடியாது. நோயாளியே எனக்கு மகன் வேண்டாம் என்று சொன்னதாக எழுதினால் ஏழுமலையின் வழக்கில் மிச்சம் ஒன்றும் இருக்காது. இவர் யாதகிரிக்கும் போக முடியாது, இங்கே ஒரு வாரமும் தாங்கமாட்டார். 'நோயாளி தொடர்ந்து பேச இயலாத நிலையில் உள்ளார்' என்று எழுதினேன். எழுதியதில் ஒரு எழுத்தும் பொய் இல்லை. எழுதாமல் விட்டதுதான் பொய்.

அறிக்கையை நஞ்சுண்டப்பா சார் மூன்றாவது தடவையும் படித்தார். "அவர் ஒன்னும் சொல்லலியாம்மா?" என்றார். "மூச்சு வாங்குது சார்" என்றேன். என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு கைக்கடிகாரத்தைப் பார்த்து, சுவர்க்கடிகாரத்தைப் பார்த்து, கையெழுத்துப் போட்டார். பத்து நாற்பதை நான் திருத்தாத கதையை ஊரெல்லாம் சொன்னார்கள். இந்தக் கட்டத்தைப் பற்றி நான் யாரிடமும் சொல்லவில்லை, கணவரிடம்கூட.

மாற்றல் ரத்தானது. மல்லப்பாவுக்குச் சாமராஜநகர் பக்கம் ஓர் இடம் போட்டார்கள். பங்காருபேட்டையிலிருந்து அதுவும் தொலைவுதான். அவர் புறப்பட்ட அன்று படுக்கையைச் சுமந்துபோய் பஸ்ஸில் ஏற்றிவிட்டு வந்தது ஏழுமலை. திரும்பி வந்து ஜீப்பைக் கழுவினார்.

இரண்டு வருடம் ஓடிவிட்டது. நஞ்சுண்டப்பா சார் ஓய்வு பெற்று, அவர் நாற்காலிக்கு நான் வந்திருந்தேன். கோவிந்தசாமி ஐயா இறந்துபோனார். காரியமெல்லாம் முடிந்து இரண்டு வாரம் கழித்து, மொட்டைத் தலையோடு ஏழுமலை என் முன்னால் வந்து ஒரு மனுவை வைத்தார். பரஸ்பர மாற்றல் மனு. ஒரே பதவியில் இருக்கும் இரண்டு பேர் சம்மதித்து இடம் மாற்றிக்கொள்வதற்கு. கீழே மல்லப்பாவின் கையெழுத்தும் இருந்தது. சாமராஜநகர் வரை போய் வாங்கிக்கொண்டு வந்திருக்கிறார்.

"இன்னா ஏழுமலை இது? தீர்ப்பு உன் பக்கம் இருக்குது. உன்ன யாரும் அசைக்க முடியாது" என்றேன்.

"அப்பாவுக்குன்னு கேட்டது மேடம் அது. அப்பா இல்லியே."

அதற்கு மேல் என்னால் தாங்கவில்லை. கதவைச் சாத்தச் சொன்னேன். அன்றைக்கு அவர் அப்பா என்னிடம் சொன்னதையும், நான் அந்தக் கட்டத்தில் எழுதாமல் விட்டதையும் சொன்னேன். சொல்லும்போது அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

"தெரியும் மேடம்."

"எப்டி?"

"பின்னால தண்ணி புடிச்சிக்கினு இருந்தேன் இல்ல? அப்பா கொரல் கேட்டதும் கொழாய மூடிட்டேன். எல்லாம் கேட்டுச்சி. அப்பா எழுதுன்னு சொன்னப்ப, எழுதிடாதீங்க எழுதிடாதீங்கன்னு கும்புட்டுக்கினே நின்னேன்."

இரண்டு வருடம் நான் தனியாகச் சுமந்ததாக நினைத்திருந்தேன். "கடைசி வரைக்கும் நீ அவர் பக்கத்துலயே இருந்தியே, அது போதும்" என்றேன்.

"இருந்தேன் மேடம். கஞ்சி குடுத்தா குடிப்பாரு. திருப்பிப் படுக்க வெச்சா படுப்பாரு. ரெண்டு வருசமா எங்கிட்ட ஒரு வார்த்த பேசல."

 ஏழுமலை மனுவின் ஓரம் மடங்கியிருந்ததை விரலால் நீவி நேராக்கினார்.

"கடசி நாளு காலைல மட்டும் பேசனாரு. அந்த ஆளுக்கு எடம் கெடச்சிச்சான்னு கேட்டாரு. கெடச்சிச்சிப்பா, இங்கயே கெடச்சிச்சின்னு சொல்லிட்டேன். அத நெசமாக்கணும் மேடம். சீக்கிரம் அனுப்புங்க."

அன்றைய தபாலிலேயே அனுப்பினேன்.